மொட்டை மாடி, கத்திரி வெயில், பக்கத்து வீட்டு கேமரா

மாடிவாசி (சத்துவாச்சாரி) | மே 11, காலை 7.40

ரெண்டு நாளா யோசிச்சு இதை எழுதறேன். சிரிக்கிறவங்க சிரிச்சுட்டு பதில் போடுங்க.

நான் இருக்கறது மேல் மாடி, தனி ஆள். வேலூர் கத்திரி எப்படின்னு சொல்ல வேண்டியதில்லை. சாயங்காலம் ஆறு மணிக்கு சுவத்துல கை வெச்சா தோசைக்கல்லுல வெச்ச மாதிரி இருக்கும். போன வாரம் ராத்திரி ஒண்ணரைக்கு கரண்ட் போச்சு. பாயும் ஈரத் துண்டும் எடுத்துட்டு மாடிக்குப் போனேன். கட்டியிருந்த கைலி முழங்கால்ல ஒட்டுது, இடுப்புல வேர்க்குரு. அவிழ்த்து தலைக்கு வெச்சுட்டு, ஈரத் துண்டை மாருமேல போட்டுப் படுத்துட்டேன். நாலரைக்கு கரண்ட் வந்தது, எழுந்து கீழே வந்துட்டேன். அவ்ளோதான்.

மூணாம் நாள் பால் வாங்கப் போறேன். பக்கத்து வீட்டு மாமா, ரிட்டயர்ட் ஆள், நல்ல மனுஷன். பால் பாக்கெட்டைப் பார்த்துக்கிட்டே சொல்றாரு: "தம்பி, புதுசா மாட்டின கேமரா இன்வெர்ட்டர்ல ஓடுது, ராத்திரியில கூட பளிச்சுனு தெரியுது. சொல்லணும்னு தோணிச்சு." அதுக்கு மேல ஒரு வார்த்தை பேசல. நானும் பேசல.

இதுல இன்னொரு விஷயம். வீட்ல இருந்தே வேலைன்னு ஆனதுல இருந்து ரெண்டு வருஷமா கதவைச் சாத்தினா நான் துணி போடறதே கிடையாது. வேர்க்குருவுக்காக ஆரம்பிச்சது, இப்ப பழக்கமாயிடுச்சு. வெளிநாட்ல இதை நேச்சுரிசம்னு ஒரு வாழ்க்கை முறையாவே வெச்சிருக்காங்கன்னு பிறகுதான் படிச்சேன். தப்பா எதுவும் பண்றதா எனக்குத் தோணல. ஆனா அந்த மாமா முகத்தைப் பார்க்க முடியல. தப்பு என் மேலயா, கேமரா மேலயா?

குடியாத்தம் கைலி | காலை 8.05

இன்னாபா நீ, கைலியைத் தலைக்கு வெச்சுட்டு படுத்தா எங்க ஊர் பொழப்பு இன்னா ஆவறது? தறி நெய்யறவன் வயித்துல அடிக்காத.

தமாஷ் விடு. எங்க நைனா தறிக்குழியில உக்காந்தா ஒரு கோவணம், தோள்ல ஒரு துண்டு. அவ்ளோதான் டிரெஸ். ஊருக்கே துணி நெய்யற மனுஷன் உடம்புல ஒண்ணரை முழம்தான் இருக்கும். யாரும் அதைப் பத்தி ஒரு வார்த்தை சொன்னது கிடையாது. அப்ப கேமரா இல்ல, அவ்ளோதான் வித்தியாசம்.

கோட்டை அகழி | காலை 8.31

இதெல்லாம் ஒரு விவாதமா? நம்ம கலாச்சாரம்னு ஒண்ணு இருக்கு. வெள்ளைக்காரன் பீச்ல பண்றதை நாம ஏன் பண்ணணும்? ஆள் பாதி ஆடை பாதின்னு சும்மாவா சொன்னாங்க.

ஆரணி நயினார் | காலை 9.12

அகழி சார், கொஞ்சம் பொறுமையா.

நாங்க தமிழ்ச் சமணர்கள். ஆரணி, போளூர், வந்தவாசி பக்கம் எங்க குடும்பங்கள் இன்னைக்கும் இருக்கு. போளூர் பக்கத்துல திருமலைக்குப் போயிருக்கீங்களா? மலைமேல 16 அடி உயரத்துல எங்க தீர்த்தங்கரர் நேமிநாதர் நிக்கிறார், பாறையில செதுக்கினது. உடம்புல ஒரு நூல் கிடையாது. வேலூர்லயே வள்ளிமலை இருக்கு, ஆற்காடு பக்கம் திருப்பான்மலை இருக்கு. ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடி துணியில்லாத துறவிகள் நடந்த மண்ணு இது. 'அம்மணம்'ங்கற வார்த்தையே எங்க 'அமணம்'ல இருந்து வந்ததா சொல்வாங்க. தமிழகராதியில அமணம்னு எடுத்தா சமண மதம், நிர்வாணம் ரெண்டு பொருளும் இருக்கும். தேவாரத்துல எங்களைத் திட்டினதும் இந்தப் பேரை வெச்சுதான். அதனால வெள்ளைக்காரன் கொண்டு வந்ததுன்னு சொல்லாதீங்க.

அதே நேரம் மாடிவாசி தம்பிக்கும் ஒண்ணு சொல்லணும். திகம்பர முனிவர் துணியை விட்டது சுகத்துக்காக இல்ல. துணின்னு ஒண்ணு இருந்தா அதைத் துவைக்கணும், காயப் போடணும், கிழிஞ்சா இன்னொருத்தர்கிட்ட கேக்கணும். அந்த ஒட்டு வேணாம்னுதான் விட்டாங்க. கையில மயிற்பீலியும் கமண்டலமும் மட்டும். நாளைக்கு ஒரு வேளை, நின்னுகிட்டு, கையிலயே வாங்கிச் சாப்பாடு. தலைமுடியைக் கையால பிடுங்கிக்கணும். எல்லாம் நடைதான், வண்டி கிடையாது. வேர்க்குருவுக்காக கைலியை அவிழ்க்கறதும் இதுவும் ஒண்ணு இல்ல. ரெண்டும் தப்பில்லைன்னு வேணா சொல்லலாம்.

போன தடவை ஒரு முனிவர் இந்தப் பக்கம் நடந்து வந்தப்போ ரோட்டோரம் நின்ன பசங்க வீடியோ எடுத்து, சினிமா காமெடி வசனம் சேர்த்து ஸ்டேட்டஸ்ல போட்டாங்க. அவர் அதைப் பார்க்கப் போறதில்ல, அவர்கிட்ட போனே கிடையாது. பார்த்தது நாங்கதான். எங்க பாட்டி அன்னைக்கு சாப்பிடல.

கோட்டை அகழி | காலை 9.40

துறவி வேற, சம்சாரி வேற. அதைத்தான் நானும் சொல்றேன்.

பாலாறு மணல் | முற்பகல் 10.55

நான் ராணிப்பேட்டைக்காரன். லெதர் வேலையா ஜெர்மனியில ஏழு வருஷம் இருந்தேன். ஒரு கதை சொல்லியே ஆகணும்.

போன முதல் குளிர்காலம். கூட வேலை செய்யறவன் சானாவுக்குக் கூப்பிட்டான். சரி, நீராவிக் குளியல்தானேன்னு நீச்சல் டிராயர் போட்டுகிட்டு உள்ளே நுழையறேன். கிழவன், கிழவி, ஆபீஸ்ல எனக்கு ரெண்டு மேஜை தள்ளி உக்கார்ற அம்மா, எல்லாரும் மரப்பலகை மேல துண்டை விரிச்சு அப்படியே உக்காந்திருக்காங்க. ஒருத்தர் கண்ணும் என் உடம்பு மேல இல்ல, என் டிராயர் மேல! ஒரு பெரியவர் வந்து ரொம்ப மரியாதையா சொன்னார்: இங்க துணியோட வரக்கூடாது, அது சுத்தம் கிடையாது. அம்மணமா இருக்கற ஊர்ல கோவணம் கட்டினவன் பைத்தியக்காரன்னு நம்ம ஊர்ல சொல்வாங்களே, அன்னைக்கு அது நான்தான்.

பத்து நிமிஷம் வெக்கம் பிடுங்கித் தின்னுச்சு. அப்புறம் ஒண்ணும் இல்ல. தொப்பை, தழும்பு, ஆபரேஷன் கோடு, சுருக்கம்னு எல்லா உடம்பும் ஏதோ ஒண்ணோட இருக்கு. போஸ்டர்ல பார்க்கற உடம்பு அங்க ஒண்ணு கூட இல்ல. எனக்கு இருந்த தொப்பைக் கவலை அங்கதான் போச்சு.

அந்த ஊர்ல இதுக்கு எஃப்கேகேன்னு பேரு. சுதந்திர உடல் பண்பாடுன்னு சொல்லலாம். நூறு வருஷத்துக்கு மேல பழசு. மியூனிக்ல நகர நடுவுல இங்கிலீஷ் கார்டன்னு ஒரு பூங்கா, அதுல அதுக்குன்னே அனுமதிச்ச புல்வெளி இருக்கு. மதியம் லஞ்ச் நேரத்துல வந்து படுத்துட்டு திரும்ப டை கட்டிகிட்டு ஆபீஸ் போவாங்க. இதெல்லாம் சேர்ந்த சர்வதேசக் கூட்டமைப்பு 1953-ல் பிரான்ஸ்ல மோந்தாலிவேங்கற இடத்துல ஆரம்பிச்சது. 1974-ல் அவங்க எழுதி வெச்ச விளக்கத்துல இயற்கையோட ஒத்து வாழறது, தன்னை மதிக்கறது, அடுத்தவரை மதிக்கறது, சுற்றுச்சூழலை மதிக்கறது, இதெல்லாம்தான் வருது. காமத்துக்கு அதுல இடமே கிடையாது.

ஆனா கவனிங்க. நான் போன சானா வாசல்ல போனை லாக்கர்ல வெச்சுட்டுத்தான் உள்ளே போகணும். துணி இல்லாம இருக்கறதுக்கு முன்னாடி போன் இல்லாம இருக்கணும். உள்ளே ஒருத்தன் போனை எடுத்தா அதே பெரியவர் அவனை வெளியே தள்ளியிருப்பார்.

சட்டம்_ஒழுங்கு | முற்பகல் 11.20

சத்துவாச்சாரி கோர்ட்ல பிராக்டிஸ் பண்றேன். இது ஆலோசனை இல்ல, பேச்சு.

பொது இடத்துல அடுத்தவருக்குத் தொந்தரவா ஆபாசச் செயல் பண்ணா பாரதிய நியாய சன்ஹிதாங்கற இப்போதைய தண்டனைச் சட்டத்துல 296-ம் பிரிவு. பழைய இந்திய தண்டனைச் சட்டம் (ஐபிசி) 294-தான், 2024 ஜூலை 1-ல இருந்து நம்பர் மாறிச்சு. மூணு மாசம் வரை சிறை, ஆயிரம் ரூபாய் வரை அபராதம், இல்ல ரெண்டும். பூட்டின வீட்டுக்குள்ள நீங்க எப்படி இருந்தாலும் அது வராது. மொட்டை மாடி கொஞ்சம் வழுக்கற இடம். சொந்த இடம்தான், ஆனா நாலு பக்கமும் கண் தெரியற இடம். ராத்திரி ரெண்டு மணி, இருட்டு, யாருக்கும் காட்டணும்னு நினைக்கல. இதெல்லாம் உங்க பக்கம் பேசும்.

நிர்வாணம்னாலே ஆபாசம்னு சுப்ரீம் கோர்ட்டும் சொல்லல. டென்னிஸ்காரர் போரிஸ் பெக்கரும் அவர் கூட இருந்தவரும் துணியில்லாம நின்ன படத்தை ஒரு பத்திரிகை மறுபிரசுரம் பண்ண வழக்கு. 2014-ல தீர்ப்பு. அந்தப் படம் நிறவெறிக்கு எதிரா எடுத்தது, எந்தச் சூழல்ல எதுக்காக எடுத்ததுன்னு பார்க்கணும், வெறும் நிர்வாணம் ஆபாசம் ஆகாதுன்னு வழக்கை ரத்து பண்ணாங்க. 2023-ல கேரள ஹைகோர்ட்டும், தன் மேலுடம்புல பிள்ளைகளை ஓவியம் வரைய விட்ட ரெஹானா பாத்திமா வழக்குல கிட்டத்தட்ட இதே வழியில போச்சு.

ஆனா தம்பி, படம் போனுக்குள்ள வந்த உடனே கதை மாறுது. ஆபாசம்னு கருதக்கூடியதை மின்வழியா அனுப்பினா ஐடி சட்டம், அதாவது தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67-ம் பிரிவு, முதல் தடவைக்கே மூணு வருஷம் வரை சிறை, அஞ்சு லட்சம் வரை அபராதம். ஒருத்தரோட அந்தரங்க உறுப்பை அவர் சம்மதம் இல்லாம, தனிமையை மீறிப் படம் எடுத்தாலோ அனுப்பினாலோ அதே சட்டத்துல 66ஈ. அது ஆம்பளைக்கும் பொருந்தும். அந்த கிளிப்பை மாமா யாருக்காவது ஃபார்வர்ட் பண்ணியிருந்தா மாட்டப் போறது அவர்தான்.

பத்தாம் வகுப்பு இயற்பியல் | முற்பகல் 11.48

சட்டம் ஒரு பக்கம் இருக்கட்டும். துணி இல்லாம இருந்தா குளிர்ச்சின்னு எல்லாரும் நினைக்கிறீங்களே, அது பாதிதான் சரி.

நம்ம தோலோட வெப்பம் சுமார் 34 டிகிரி. ராத்திரி காற்று 30, 31-ன்னா உடம்புச் சூடு வெளியே போகும், வேர்வையும் தடையில்லாம ஆவியாகும். அப்ப துணி இல்லாதது நிஜமா சுகம். அதே மே மாசம் மத்தியானம் வெளியே 41 டிகிரின்னா சூடு காத்துல இருந்து உங்களுக்குள்ள வரும். அப்ப வெறும் உடம்போட வெயில்ல நின்னா கெடுதல், தளர்வான பருத்தித் துணிதான் நிழல். பாலைவனத்து ஆள் முழு அங்கி போடறது வெக்கத்துக்காக மட்டும் இல்ல. மாடிவாசி ராத்திரி செஞ்சது இயற்பியல்படி சரி. பகல்ல வேண்டாம், தோல் வெந்துடும்.

நைட்டிமேல்துண்டு | மதியம் 1.30

இவ்ளோ நேரம் படிச்சேன். எழுதினது எல்லாம் ஆம்பளைங்க, கவனிச்சீங்களா?

என் பேரைப் பார்த்தாலே புரியும். காலிங் பெல் அடிச்சா என்ன பண்ணுவேன் தெரியுமா? கழுத்துல இருந்து கணுக்கால் வரை மூடின நைட்டி, அதுமேல ஒரு துண்டு, அப்புறம்தான் தாழ்ப்பாள். கேஸ் சிலிண்டர்காரருக்கு. கதவுக்குப் பின்னாடி ஆணியில அதுக்குன்னே ஒரு துண்டு தொங்குது. எங்க தெருவுல எல்லா வீட்லயும் தொங்குது. துவைச்சாலும் அதே ஆணிக்குத்தான் திரும்பி வரும்.

மாடிவாசி மாதிரி நான் மாடியில படுத்திருந்தா அந்த மாமா பால் பூத்ல வந்து நல்லபடியா சொல்லியிருப்பாரா? இல்ல தெரு வாட்சப் குரூப்ல போயிருக்குமா? உங்களுக்கு அது கூச்சம். எனக்கு அது வீடு காலி பண்ற விஷயம்.

இன்னொண்ணு. துணியைக் கழட்டறது சுதந்திரம்னு பாலாறு மணல் சொல்றார், அழகா சொன்னார். ஆனா இந்தப் பக்கத்துல துணி போடறதுக்கே சண்டை போட்டிருக்காங்க. தெக்க திருவிதாங்கூர்ல நாடார் பெண்கள் மாரை மூடிக்க எத்தனை வருஷம் அடி வாங்கினாங்க! 1859-ல தான் ராஜா உத்தரவு போட்டார். அதுலயும் உயர்சாதிப் பெண்கள் மாதிரியே மேல்சீலை போடக்கூடாதுன்னு கொக்கி. எங்க தாத்தா பெரிய வீட்டு வாசலைத் தாண்டும்போது தோள் துண்டை எடுத்து இடுப்புல கட்டிப்பார்னு ஆயா சொல்லும். அவர் பேரன் இன்னைக்கு அயர்ன் பண்ண சட்டை இல்லாம வாசல் தாண்ட மாட்டான். அவன்கிட்ட போய் துணி ஒரு சுமைன்னு சொல்லிப் பாருங்க.

அதுக்காக உங்களைத் திட்டல. ரூமுக்குள்ள கதவைப் பூட்டி, ஃபேனைப் போட்டுட்டு, எல்லாத்தையும் கழட்டிப் போட்டு படுக்கற அந்தப் பத்து நிமிஷம் எனக்கும் தெரியும். அதுக்கு முன்னாடி நான் சுவிட்ச் போர்டு, கொக்கி, ஸ்மோக் டிடெக்டர் எல்லாத்துலயும் கேமரா ஒளிஞ்சிருக்கான்னு ஒரு சுத்து பார்ப்பேன். வெளியூர் லாட்ஜ்னா ரெண்டு சுத்து.

குடியாத்தம் கைலி | மதியம் 1.52

அக்கா, இதுக்கு மேல நான் இன்னா சொல்றது. உண்மைதான்.

சும்மா_ஒரு_நண்பன் | பிற்பகல் 2.10

[இந்தப் பதிவு நீக்கப்பட்டது]

மட்டுறுத்துநர் | பிற்பகல் 2.14

படம் கேட்பது, இன்பாக்ஸுக்கு அழைப்பது, 'கப்புள்ஸ் யாராவது உண்டா' என்று விசாரிப்பது எதற்கும் இங்கே இடமில்லை. மேலே நீக்கிய பதிவில் இந்த மூன்றும் இருந்தன. அடுத்த முறை கணக்கே போகும்.

மாடிவாசி (சத்துவாச்சாரி) | பிற்பகல் 2.45

அந்த நீக்கின ஆள் எனக்குத் தனியாவும் மெசேஜ் போட்டார். இது எனக்குப் புதுசில்ல. ஒரு வருஷம் முன்னாடி 'இந்திய நேச்சுரிஸ்ட்' மாதிரி பேர் வெச்ச ரெண்டு குரூப்ல சேர்ந்தேன். புத்தகம், அனுபவம்னு ஏதாவது பேசுவாங்கன்னு நினைச்சேன். ஒரு மணி நேரத்துல எல்லாரும் கேட்டது ஒண்ணே ஒண்ணு, படம். இன்னொருத்தர் கோவாவுல ரிசார்ட் இருக்கு, முன்பணம் ஜிபேல போடுன்னார். வெளியே வந்துட்டேன். என் வீட்டுக்குள்ள நான் சும்மா இருக்கறதுக்கு குரூப் எதுக்கு?

அக்கா எழுதினதை ரெண்டு தடவை படிச்சேன். வாட்சப் குரூப் பத்தி சொன்னது சுருக்குனு இருந்தது. அந்தக் கோணத்துல நான் யோசிக்கவே இல்ல.

ஸ்க்ரூடிரைவர் (காட்பாடி) | மாலை 4.20

மொபைல் சர்வீஸ் கடை வெச்சிருக்கேன், கேமராவும் மாட்டறேன். என் பக்கத்துல இருந்து கொஞ்சம்.

ஒண்ணு, அந்த மாமா கேமரா. இப்ப வர்ற வைஃபை கேமரா எல்லாம் அசைவைப் பார்த்தா போனுக்கு அலர்ட் அனுப்பும். நீங்க திரும்பிப் படுத்த ஒவ்வொரு தடவையும் மாமா தலையணைக்குக் கீழே போன் டிங் அடிச்சிருக்கும். பாவம் மனுஷன். இதுக்கு ஆப்லயே பிரைவசி மாஸ்க்னு ஒண்ணு இருக்கும், நிறைய மாடல்ல உண்டு. உங்க மாடி தெரியற பகுதி மேல ஒரு கறுப்புக் கட்டம் போட்டுட்டா அந்த இடம் பதிவே ஆகாது. அஞ்சு நிமிஷ வேலை. மாட்டிக் கொடுக்கற பல பேர் இதைச் சொல்றதில்ல, கஸ்டமரும் கேக்கறதில்ல.

ரெண்டு, உங்க லேப்டாப். வீட்ல துணியில்லாம வேலைன்னா கேமரா மேல ஒரு ஸ்டிக்கர். பொட்டு இருந்தாலும் போதும். மீட்டிங் ஆப்பை நம்பாதீங்க. அப்டேட் ஆனா செட்டிங் மாறும்.

மூணு, இதுதான் எனக்குப் பெரிய கவலை. ரிப்பேருக்குப் போன் கொடுக்கும்போது லாக் நம்பரையும் சீட்டுல எழுதிக் கொடுக்கறாங்க. கேலரி முழுக்க அப்படியே இருக்கும். சில போன்ல இப்ப உங்க படம், ஃபைல் எல்லாத்தையும் மறைச்சு வைக்கற மெயின்டெனன்ஸ் மோடு இருக்கு, அதைப் போட்டுக் கொடுங்க, இல்ல பக்கத்துலயே நில்லுங்க. டெலிட் பண்ணிட்டேன்னு சொல்ற படம் டிராஷ்ல ஒரு மாசம், சில ஆப்ல ரெண்டு மாசம் வரை கிடக்கும், கிளவுட்ல தனியா இன்னொரு காப்பி கிடக்கலாம்.

போன மாசம் ஒரு காலேஜ் பொண்ணு அழுதுட்டே வந்துது. சுடிதார் போட்ட புரொஃபைல் படம். யாரோ அதை ஏஐ ஆப்ல போட்டு துணியில்லாத மாதிரி ஆக்கி அனுப்பியிருக்கான். நல்லா மூடின உடம்பையே போன் அவிழ்த்துடுது, இதுல மாடியில கழட்டினது தப்பான்னு பேசிகிட்டிருக்கோம். அந்தப் பொண்ணுக்கு சைபர் குற்றப் புகார் நம்பர் 1930-க்குப் போன் போட்டுக் கொடுத்தேன். ஸ்டாப்என்சிஐஐன்னு ஒரு தளம் இருக்கு. படத்தை அனுப்ப வேண்டாம், உங்க போன்லயே அதோட ரேகை மாதிரி ஒரு குறியீடு எடுத்து அதை மட்டும் அனுப்பும், சேர்ந்திருக்கற தளங்கள்ல அந்தப் படம் ஏறாம தடுப்பாங்க. அதையும் காட்டினேன். நிர்வாணப் படம்னு புகார் கொடுத்தா தளங்கள் 24 மணி நேரத்துல தூக்கணும்னு 2021 விதியிலயே வந்துடுச்சு, 2026-ல அதை ரெண்டு மணி நேரமாக் குறைச்சுட்டாங்க, ஏஐல செஞ்ச போலிக்கும் அது பொருந்தும். புகார் கொடுக்கணும், அதுதான் முக்கியம். முக்காவாசிப் பேர் வெக்கப்பட்டு கொடுக்கறதில்ல. எடுத்தவனுக்கு இல்லாத வெக்கம் இவங்களுக்கு.

கோட்டை அகழி | மாலை 5.02

இதுல நான் முழுசா ஒத்துப் போறேன். எனக்கும் பொண்ணு இருக்கு.

ஆரணி நயினார் | மாலை 5.30

அகழி சார், வடஆற்காடு ஒண்ணா இருந்த காலத்துல திருவண்ணாமலையும் நம்ம மாவட்டம்தான். ரமணர் 1896-ல அங்க வந்து இறங்கின அன்னைக்கே துணியைக் கிழிச்சு ஒரு கோவணத்தை மட்டும் வெச்சுகிட்டு மிச்சத்தைப் போட்டுட்டார். கடைசி வரைக்கும் அதோடதான். உங்க வீட்டு பூஜை ரூம்ல அவர் படம் இருக்கும்னு நினைக்கிறேன்.

கோட்டை அகழி | மாலை 5.41

இருக்கு. அப்பா மாட்டினது.

பாலாறு மணல் | மாலை 6.15

ஒரு கொசுறு. இந்தியாவுல இதுக்கு முதல் சங்கம் 1891-லயே வந்துடுச்சு. பம்பாய் பக்கம் தானேயில ஒரு ஆங்கிலேய செஷன்ஸ் ஜட்ஜ், கிராஃபோர்டுன்னு பேரு, ஆரம்பிச்சார். மொத்தம் மூணே மெம்பர். சட்டம்_ஒழுங்கு சார், உங்க துறைதான் முன்னோடி.

சட்டம்_ஒழுங்கு | மாலை 6.22

கறுப்புக் கோட்டு, கழுத்துப் பட்டையோட மே மாசம் கோர்ட்ல நின்னு பாருங்க. அந்த ஜட்ஜ் ஏன் ஆரம்பிச்சார்னு ஒரு வாதம் கூட இல்லாம புரியும். கோடையில கீழ்க்கோர்ட்டுக்கு கோட்டு வேண்டாம்னு விதி இருக்கறதால பிழைச்சோம்.

மாடிவாசி (சத்துவாச்சாரி) | மே 13, இரவு 9.50

போய்ப் பார்த்தேன். வாழைப்பழம் ஒரு சீப்பு வாங்கிட்டுப் போனேன், ஏன்னு தெரியல, கையை வீசிட்டுப் போக முடியல.

மாமா கதவைத் திறந்ததும் ரெண்டு பேரும் ஒரே நேரத்துல மன்னிப்பு கேட்டோம். அத்தை உள்ளே இருந்து காபி கொண்டு வந்தாங்க, என் முகத்தைப் பார்க்காம டம்ளரை வெச்சுட்டுப் போனாங்க. அப்ப அவங்களுக்கும் தெரியும்.

ஸ்க்ரூடிரைவர் சொன்ன மாஸ்க்கை நானே போட்டுக் கொடுத்தேன். மாமாவுக்கு அப்படி ஒண்ணு இருக்கறதே தெரியாது. என் மாடி இருந்த இடத்துல ஒரு கறுப்புக் கட்டம், அதுக்கு மேல எங்க தென்னை மரத்தோட தலை மட்டும் தெரியுது. அந்த ராத்திரி கிளிப்பையும் என் எதிர்லயே அழிச்சார். மொத்தம் பதினொண்ணு. நான் அவ்ளோ தடவையா புரண்டு படுத்தேன்?

அழிச்சு முடிச்சதும் ஆப்ல மேல ஒரு மூலையில சின்னதா 'பகிரப்பட்டவர்கள் 2'-ன்னு இருந்தது. மாமாகிட்ட கேட்டேன். ஒண்ணு பெங்களூர்ல இருக்கற அவர் பையன். இன்னொண்ணு யாருன்னு அவருக்குத் தெரியல. மாட்டிக் கொடுத்த பையனா இருக்கும்னார். அவன் நம்பர் பில்லுல இருக்கும், பில் எங்கன்னு அத்தையைக் கேட்டார். அத்தை தேடிட்டு இருக்கும்போதே நான் கிளம்பிட்டேன்.

ஸ்க்ரூடிரைவர் (காட்பாடி) | இரவு 10.04

பில்லு கிடைக்கற வரைக்கும் காத்திருக்காதீங்க. நாளைக்குக் காலையில மாமாவை ஆப் பாஸ்வேர்டை மாத்தச் சொல்லி, அந்த ரெண்டாவது பேரை நீக்கிட்டு, கேமராவை ஒரு தடவை ரீசெட் பண்ணி அவர் போன்ல மட்டும் புதுசா இணைங்க. ஆனா ரீசெட் பண்ணா மாஸ்க்கும் போயிடும், திரும்பப் போடணும். முடியலன்னா மதியம் கடைக்கு எடுத்துட்டு வரச் சொல்லுங்க, காசு வேணாம்.

நைட்டிமேல்துண்டு | இரவு 10.20

அந்தக் கேமராவுல எங்க தெரு வாசலும் தெரியுதான்னு பார்த்தீங்களா?

மாடிவாசி (சத்துவாச்சாரி) | இரவு 10.26

அக்கா, நீங்க எந்தத் தெரு?

நைட்டிமேல்துண்டு | இரவு 10.27

அதைச் சொல்ல மாட்டேன். எல்லா வாசலும் பாருங்க.

குடியாத்தம் கைலி | இரவு 10.40

மாடிக்கு மூங்கில் தட்டி கட்டிக்கோபா. உள்ளே ஒரு கைலியும் வெச்சுக்கோ. திடீர்னு மழை வந்து எழுந்து ஓட வேண்டி வந்தா?

மாடிவாசி (சத்துவாச்சாரி) | இரவு 10.43

கரண்ட் போச்சு. மேல போறேன். கைலியோட.